புல்லுக்குப் பத்தி இல்லாத பேரேடு

ஊட்டியிலிருந்து பைக்காரா போகும் சாலையில் வலப்பக்கம் பிரிந்து உள்ளே போனால் கிளன்மார்கன். சுற்றுலா வருபவர்களுக்கு அது ஒரு சிறிய அணை, கொஞ்சம் தேயிலை, கொஞ்சம் மூடுபனி. எனக்கு அது ஒரு கணக்கு நோட்டின் முதல் பக்கம்.

1968-இல் உதகையில் இருக்கும் மண், நீர்வளப் பாதுகாப்பு ஆராய்ச்சி மையத்தார் அங்கே இரண்டு சிறு நீர்ப்பிடிப்புகளைத் தேர்ந்தெடுத்தார்கள். ஒவ்வொன்றும் ஏறக்குறைய 32 ஹெக்டேர். இரண்டிலும் புல்வெளி, மலை மடிப்புகளில் சோலைக்காடு, அடியில் ஓர் ஓடை. 1971 வரை எதையும் நடவில்லை. பெய்த மழை எவ்வளவு, ஓடையில் வெளியேறிய தண்ணீர் எவ்வளவு என்று அளந்துகொண்டே இருந்தார்கள். இரண்டு தராசுத் தட்டும் சமமாக நிற்கிறதா என்று பார்க்கும் வேலை அது. பிறகு 1972-இல் ஒன்றை அப்படியே விட்டுவிட்டு, மற்றதில் 59 சதவீதப் பரப்பில் கற்பூர மரத்தை நட்டார்கள். சமவெளியில் தைல மரம் என்றும் யூகலிப்டஸ் என்றும் சொல்வதில் ஒரு வகைக்கு நீலகிரியில் பெயர் கற்பூர மரம்.

பத்து வருடம் மரம் வளர்ந்தது. தண்ணீர்க் கணக்கு முடிந்தபோது, நட்ட பக்கத்து ஓடையில் ஆண்டுக்குச் சராசரியாக 87 மில்லிமீட்டர் குறைந்திருந்தது. அதாவது 16 சதவீதம்.

87 மில்லிமீட்டர் என்றால் யாருக்கும் உறைக்காது. மழைமானியில் ஐந்து விரல்கிடைகூட இல்லை. ஆனால் அதை 32 ஹெக்டேருக்குப் பரப்பிப் பாருங்கள். 27,840 கன மீட்டர். 2 கோடியே 78 லட்சம் லிட்டர். கோடையில் ஊருக்குள் வரும் 12,000 லிட்டர் தண்ணீர் லாரியில் ஏற்றினால் 2,320 நடை. தினம் ஆறு லாரி, வருடம் முழுவதும், ஞாயிற்றுக்கிழமை உட்பட. இவ்வளவும் காலாற ஒரு சுற்று சுற்றி வந்துவிடக்கூடிய ஒரே ஒரு பள்ளத்திலிருந்து.

மரம் நின்றது முழுப் பள்ளத்திலும் அல்ல, சுமார் 19 ஹெக்டேரில்தான். அப்படி வகுத்தால் நட்ட ஹெக்டேர் ஒன்றுக்கு ஆண்டுக்கு 14.7 லட்சம் லிட்டர். 2 மீட்டருக்கு 2 மீட்டர் இடைவெளி என்று வைத்துக்கொண்டால் ஹெக்டேருக்கு 2,500 மரம். ஒரு மரத்தின் கணக்கில் ஆண்டுக்கு 590 லிட்டர், நாளுக்கு 1.6 லிட்டர்.

இந்த இடத்தில் கொஞ்சம் நிற்க வேண்டும். மேடைகளில் தைல மரத்தைப் பற்றிப் பேசுபவர்கள் ஒரு மரம் தினம் இத்தனை குடம் குடிக்கிறது என்று அடித்துச் சொல்வார்கள். மரம் உறிஞ்சுவது ஒரு கணக்கு. அதே இடத்தில் புல் இருந்தால் அதுவும் ஒரு பங்கை உறிஞ்சியிருக்கும் என்பதைக் கழித்தால் வருவது வேறு கணக்கு. கழித்த பிறகு மிஞ்சுவது ஒன்றரை லிட்டர் பாட்டிலுக்குக் கொஞ்சம் மேல். கேட்க அற்பமாக இருக்கிறது. ஆனால் அந்த அற்பத்தை 2,500-ஆலும் 365-ஆலும் பெருக்கினால்தான் ஓடை வற்றுகிறது. மிகைப்படுத்த வேண்டிய அவசியமே இல்லாத கணக்கு இது. மிகைப்படுத்திக் கெடுத்துக்கொண்டோம்.

அடுத்த சுற்று இன்னும் மோசம். வெட்டிய அடிக்கட்டையிலிருந்து மரம் மறுபடி துளிர்த்தது, மறுதாம்புக் கரும்பு மாதிரி. மேலே இளம் தளிர், கீழே பத்து வருடத்து வேர். புதுக் கன்று போல வேர் விட்டுத் தண்ணீரைத் தேட வேண்டியதில்லை, வழி ஏற்கெனவே தெரியும். அந்தச் சுற்றில் ஓடை நீர் 25.4 சதவீதம் குறைந்தது. குறைவு மழைக்கால வெள்ளத்தில் மட்டும் விழவில்லை. மழை நின்ற பிறகும் மண்ணிலிருந்து கசிந்துகொண்டே இருக்குமே, மாசியிலும் பங்குனியிலும் ஓடையை உயிரோடு வைத்திருக்கும் அந்த ஊற்று நீரிலும் விழுந்தது. 2019 ஆகஸ்ட் 8-ஆம் தேதி அவலாஞ்சியில் ஒரே நாளில் 820 மில்லிமீட்டர் கொட்டியது. அதில் 87-ஐக் கழித்தால் யாருக்கும் நட்டமில்லை, நல்லதுதான். பங்குனியில் கழித்தால் கீழே குழாயில் காற்று வரும்.

கிளன்மார்கனுக்கு இன்னொரு முக்கியத்துவம் உண்டு. பைக்காரா தண்ணீர் அங்கே வந்து, அங்கிருந்து குழாயில் 900 மீட்டருக்கு மேல் சரிந்து சிங்காரா மின்நிலையத்தில் விழுகிறது. 1932-லிருந்து நடக்கிற காரியம். 900 மீட்டர் விழும் ஒரு கன மீட்டர் தண்ணீர், இயந்திரத்தின் சேதாரம் போக, சுமார் 2 யூனிட் மின்சாரம் தரும். ஆகவே கற்பூர மரம் நின்ற ஒவ்வொரு ஹெக்டேரும் ஆண்டுக்கு ஏறக்குறைய 2,950 யூனிட்டைத் தின்றிருக்கிறது என்று எழுதலாம். ஆராய்ச்சி நடந்த ஓடையின் தண்ணீர் அத்தனையும் அந்தக் குழாயில்தான் போயிற்று என்று நான் சொல்லவில்லை. அந்த உயரத்தில் தண்ணீருக்கு என்ன விலை என்று காட்டத்தான் இது. யூனிட் 5 ரூபாய் என்று போட்டால் ஹெக்டேருக்கு 14,750 ரூபாய், வருடா வருடம். மரம் விற்ற பணம் வனத்துறையின் வரவில் ஏறியது. இந்தப் பணம் மின்வாரியத்தின் நோட்டில் வராத வரவாகப் போயிற்று. இரண்டு நோட்டும் ஒரே அரசாங்கத்தின் அலமாரியில் இருந்தவை. பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படிக்கத்தான் ஆள் இல்லை.

இந்த மரம் இங்கே எப்படி வந்தது என்ற கதை பலமுறை சொல்லப்பட்டுவிட்டது, சுருக்கமாகவே சொல்கிறேன். 1819-இல் கோவை கலெக்டர் ஜான் சல்லிவன் மேலே ஏறினார். சில வருடங்களில் உதகை ஒரு வெள்ளைக்கார ஊராயிற்று. குளிர் ஊருக்கு விறகு வேண்டும். பக்கத்துச் சோலைகளை வெட்டினார்கள். சோலை மரம் மெதுவாக வளரும், வெட்டிய வேகத்துக்கு ஈடு கொடுக்கவில்லை. 1843-இல் ஆஸ்திரேலியாவிலிருந்து கற்பூர மரம் வந்தது. 1856-இல் விறகுக்காகவே தோட்டமாக நட ஆரம்பித்தார்கள். அதே கண்டத்திலிருந்து வாட்டில் மரமும் வந்தது. மலையில் அதற்குச் சீகை மரம் என்று பெயர் வைத்துவிட்டார்கள், தலைக்குத் தேய்க்கும் சீகைக்காயோடு குழப்பிக்கொள்ள வேண்டாம்.

விறகுக்கு நட்டவர்கள் சோலையை வெட்டிய இடத்தில் மட்டும் நடவில்லை. வெறுமனே கிடக்கிறதே என்று புல்வெளியில் நட்டார்கள். பேரேட்டில் புல்வெளிக்கு ‘தரிசு’ என்று பெயர். தரிசில் எதை நட்டாலும் வரவு மட்டும்தான், செலவுப் பத்தியில் எழுத ஒன்றுமில்லை.

அது தரிசில்லை என்பதற்கு நீலகிரியின் சதுப்புகளே சாட்சி. அந்தச் சதுப்புகளின் அடியில் மட்கிய செடிகொடிகள் அடுக்கடுக்காகப் படிந்து கிடக்கின்றன. சூழலியலாளர் சுகுமாரும் அவருடன் வேலை செய்தவர்களும் அதிலிருந்து கரிமத்தை எடுத்து ஆராய்ந்து 1993-இல் வெளியிட்ட கட்டுரை 20,000 ஆண்டுகளுக்குப் பின்னால் போகிறது. வெப்பநாட்டுப் புல்லும் மரமும் கரிமத்தைச் சேர்க்கும் விதம் வேறு வேறு. எந்தக் காலத்தில் எது ஓங்கியிருந்தது என்பதை அந்த மண்ணே பதிந்து வைத்திருக்கிறது. மனிதன் காட்டை வெட்டியதால் உண்டான புல்லல்ல இது, தட்பவெப்பத்தோடு விரிந்தும் சுருங்கியும் வந்த பழைய குடி. மார்கழி, தை மாதங்களில் தலைகுந்தா பக்கம் விடியற்காலையில் போனால் காரணம் காலடியில் தெரியும். மேட்டிலும் திறந்த பள்ளத்திலும் புல் வெள்ளையாக உறைந்து, மிதித்தால் நொறுங்கும். சோலை மரத்தின் கன்று அந்த உறைபனியில் கருகிவிடும். அதனால்தான் சோலை மடிப்புக்குள் ஒடுங்கி நிற்கிறது, வெளியே புல் ஆள்கிறது. இருபதாயிரம் வருடத்து எல்லைச் சண்டை. சீகை மரம் இதற்கு நடுவே வந்தது. அதற்கு அந்தப் பனி பெரிய பொருட்டல்ல.

சுதந்திரத்துக்குப் பிறகு விறகின் இடத்தில் கூழ் வந்தது. பவானிக் கரையில் சிறுமுகையில் 1960-களில் செயற்கை இழை ஆலை வளர்ந்தது. மலையின் கற்பூரமும் சீகையும் கீழே போய்க் கூழாகி நூலாயின. சீகைப் பட்டை தோல் பதனிடப் போயிற்று. இலை தைலமாயிற்று. தைலம் காய்ச்சும் அடுப்பை இன்றும் பார்க்கலாம்: ஓடையோரத்தில் ஒரு கொட்டகை, ஆள் உயரத்துக்கு ஓர் அண்டா, அதில் திணித்து மிதித்த இலை, அடியில் முந்தைய நாள் வெந்த சருகே விறகு, ஆவி போகும் குழாய் ஓடைத் தண்ணீரில் குளிர்ந்து மறுமுனையில் சொட்டுச் சொட்டாக இறங்கும். 100 கிலோ இலைக்கு ஏறக்குறைய 1 கிலோ. அந்தக் கொட்டகையில் பத்து நிமிடம் நின்றால் இரண்டு நாளைக்குச் சட்டையில் மணம் போகாது. அந்த அடுப்பை நம்பிப் பல குடும்பங்கள் பிழைத்தன என்பதையும் வரவில்தான் எழுத வேண்டும்.

இன்னொரு வரவும் உண்டு, அதை எழுதும்போது கை தயங்கும். 1964-இல் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் இலங்கைத் தோட்டங்களில் இருந்த 5.25 லட்சம் பேரை இந்தியாவுக்கு என்று எழுதியது. அவர்களில் வந்து சேர்ந்த ஒரு பகுதியினருக்காக 1968-இல் நீலகிரியில் அரசுத் தேயிலைத் திட்டம் தொடங்கியது. பின்னால் அதுதான் டான்டீ. காட்டை அழித்துத் தேயிலை வைத்தார்கள். காட்டின் நோட்டில் அது நட்டம். மூட்டை முடிச்சோடு மண்டபம் முகாமில் இறங்கிய குடும்பத்தின் நோட்டில் என்ன என்று அவர்களைத்தான் கேட்க வேண்டும். இரண்டையும் ஒன்றில் ஒன்று கழிக்க எனக்குத் தெரியாது.

1988-இல் வந்த தேசிய வனக் கொள்கை, ஆலைகள் தங்களுக்கு வேண்டிய மரத்தைத் தாங்களே வளர்த்துக்கொள்ளட்டும், இயற்கைக் காடு அதற்கானதல்ல என்றது. சிறுமுகை ஆலை 2001-இல் மூடியது. நடுவது நின்றது, வாங்குபவர் போனார், மரம் மட்டும் நிற்கவில்லை. சீகையின் விதை மண்ணுக்குள் பல பத்தாண்டுகள் காத்துக் கிடக்கும். தீயோ வெட்டோ பட்டால் மொத்தமாக முளைக்கும். நடாத இடத்திலும் அதுவாகவே ஏறியது.

புல்வெளி எவ்வளவு போயிற்று என்பதைப் பழனி மலையில் அளந்திருக்கிறார்கள். செயற்கைக்கோள் படங்களையும் களத்தையும் ஒப்பிட்டு 2018-இல் வெளியான ஆய்வின்படி, 40 ஆண்டுகளில் அங்கே இயற்கைப் புல்வெளியில் 66 சதவீதம் போய்விட்டது. சோலையில் போனது 31 சதவீதம். ஒரு காலத்தில் மலையுச்சியில் அதிகமாகவும் தொடர்ச்சியாகவும் இருந்தது புல்தான். இன்று அரிதாகவும் துண்டு துண்டாகவும் இருப்பதும் அதுதான். மேற்குத் தொடர்ச்சி மலையின் உயர்ந்த பகுதிகள் எல்லாவற்றையும் சேர்த்துப் பார்த்த அடுத்த ஆய்வு, 44 ஆண்டுகளில் 340 சதுர கிலோமீட்டர் புல்வெளி அயல் மரங்களுக்கு அடியில் போயிற்று என்றது. இருந்ததில் 23 சதவீதம்.

340 சதுர கிலோமீட்டர் என்றால் 34,000 ஹெக்டேர். கிளன்மார்கனின் 14.7 லட்சத்தை இதோடு பெருக்கிப் பார்க்கக் கை துறுதுறுக்கும். பெருக்கினால் 5,000 கோடி லிட்டர், கிட்டத்தட்ட 1.77 டி.எம்.சி. ஆனால் சீகை வேறு, கற்பூரம் வேறு. பழனியின் மழை வேறு, நீலகிரியின் மழை வேறு. ஆகவே இந்த எண்ணைப் பென்சிலால்தான் எழுதி வைத்திருக்கிறேன். அழிக்கவும் மனமில்லை.

இதெல்லாம் நடந்த 40 ஆண்டுகளில் அரசாங்கத்தின் வனக் கணக்கு என்ன சொல்லிற்று? நட்டமே இல்லை. இந்திய வன அளவைத் துறையின் கணக்கில் வனப்பரப்பு என்றால், 1 ஹெக்டேருக்குக் குறையாத நிலத்தில் மரத்தின் தலைவிரிப்பு 10 சதவீதத்துக்குக் குறையாமல் இருக்க வேண்டும். என்ன மரம், யார் நிலம், கேள்வி கிடையாது. சோலையும் வனம், கற்பூரத் தோப்பும் வனம், புல்வெளியை மூடி நிற்கும் சீகையும் வனம். புல்வெளி பூஜ்யம். 2021 அறிக்கையில் தமிழ்நாட்டின் வனப்பரப்பு 26,419 சதுர கிலோமீட்டர், மாநிலப் பரப்பில் 20.31 சதவீதம். ஒரு நல்ல அதிகாரி வந்து, 100 சதுர கிலோமீட்டரில் சீகையை எடுத்துவிட்டுப் பழைய புல்லை மீட்கிறார் என்று வைத்துக்கொள்வோம். அடுத்த அறிக்கையில் 20.31 என்பது 20.24 ஆகிவிடும். மாநிலம் காட்டை இழந்தது என்று செய்தி வரும். 23.7 சதவீதப் பசுமைப் பரப்பை 33 ஆக்குவோம் என்று 2022-இல் இயக்கம் தொடங்கிய மாநிலத்தில், மலைமேல் மரத்தைப் பிடுங்கும் அதிகாரிக்கு யார் மாலை போடுவார்கள்?

புல்வெளியின் ஒரு துண்டு தப்பியதற்கும் காரணம் இயற்கைப் பற்று அல்ல. வென்லாக் டவுன்ஸ் எனப்படும் புல்மேடுகளை வெள்ளைக்காரர்கள் விட்டு வைத்தது குதிரையேறி, வேட்டை நாய்களோடு நரி துரத்துவதற்கு. மரம் இருந்தால் குதிரை பாயாது. பின்னால் அதே மேடுகளில் நம் கதாநாயகர்கள் கதாநாயகிகளைத் துரத்தினார்கள்; இன்று அந்த இடத்துக்கு ஷூட்டிங் மட்டம் என்றே பெயர்.

இப்போது செலவுப் பத்தி. 2022-இல் தமிழ்நாடு வரையாடுத் திட்டத்துக்கு ஐந்து ஆண்டுக்கு 25.14 கோடி ரூபாய் ஒதுக்கியது. வரையாடு புல்வெளியின் விலங்கு. மரத்தோப்பில் அதற்கு வேலையில்லை. 2024 கணக்கெடுப்பில் 1,031 ஆடுகள்; 2025-இல் 1,303. ஒதுக்கிய தொகையை ஆட்டுக்கு ஆடு வகுத்தால் 1.93 லட்சம், வருடத்துக்கு 38,600 ரூபாய். கொஞ்சம் குறும்பான வகுத்தல்தான் இது. அந்தப் பணத்தில் அப்பர் பவானியில் சோலை–புல்வெளியை மீட்டுப் பார்க்கும் வேலையும் அடக்கம், ஆகவே ஆட்டின் பெயரில் புல்லுக்கும் ஏதோ வருகிறது. வரவு என்று பார்த்தால், மலைக்குக் கீழே முதுமலைப் பக்கம் பரவிய மஞ்சள் கொன்றை என்ற அயல் மரத்தை வெட்டியெடுத்துக்கொள்ள, அரசின் காகித ஆலை வனத்துறைக்குக் கொடுக்க ஒப்புக்கொண்டது டன்னுக்கு 350 ரூபாய். கிலோ 35 காசு.

சீகையைக் கையால் பிடுங்கினால் என்ன செலவாகும் என்று தெரிந்துகொள்ள எனக்கு ஆசை. கோத்தகிரிப் பக்கம் ஒரு நண்பர் தன் நிலத்தில் சீகையை வெட்டிவிட்டுப் புல் வைக்கப் பார்க்கிறார். வெட்டிய அடுத்த ஐப்பசியில் போனேன். சரிவு முழுக்க இறகு இறகாக இளம்பச்சைக் கன்றுகள். கயிற்றைக் கட்டி ஒரு சதுர மீட்டருக்குச் சட்டம் போட்டு எண்ணினேன்: 14. ஒரு மணி நேரத்தில் நான் பிடுங்கியது 120. பக்கத்தில் வேலை செய்த அக்கா 300-ஐத் தாண்டியிருந்தார், அதுவும் என்னைக் கவனித்துக்கொண்டே.

“அப்படி இழுக்காதீங்க தம்பி, ஒடியுது பாருங்க. வேரோட வரணும். ஒடிஞ்சா மறு மாசமே ரெண்டா நிக்கும்.”

“மண்ணு இறுகிக் கிடக்கே அக்கா.”

“இன்னிக்கு மழை பேஞ்சதால இம்புட்டு வருது. தை மாசம் வந்து பாருங்க, கையில தோல் இருக்காது.”

அவர் வேகத்திலேயே கணக்குப் போட்டேன். ஹெக்டேருக்கு 1,40,000 கன்று. நாளுக்கு 6 மணி நேரம், 1,800 கன்று. 78 ஆள் வேலை. நூறு நாள் வேலைத் திட்டத்தின் 2025–26 கூலி 336 ரூபாய் என்றால் 26,208 ரூபாய். நண்பர் அதைவிடக் கூடுதலாகவே கொடுக்கிறார், மலையில் அந்தக் கூலிக்கு ஆள் வராது. இது ஒரு சுற்றுக்கு. மண்ணில் இன்னும் விதை இருக்கிறது, ஆகவே அடுத்த ஆண்டும், அதற்கு அடுத்த ஆண்டும். ஒரு சதுர மீட்டரை எண்ணி ஒரு மலைக்குக் கணக்குப் போடக் கூடாது என்பது எனக்கும் தெரியும். ஆனால் டன்னுக்கு 350 என்ற வரவு இந்தச் செலவை எந்த மூலையிலும் தொடாது.

எல்லா இடத்திலும் பிடுங்குவதும் சரியில்லை. முதிர்ந்த சீகைத் தோப்புகளில் சோலைக்குப் பக்கத்தில் இருப்பவற்றுக்குள் நுழைந்தால், நிழலில் சோலைக் கன்றுகள் தானாக முளைத்து நிற்கின்றன. அங்கே கோடாலியோடு போனால் சோலையும் போய்விடும், சீகைதான் மறுபடி முளைக்கும். எங்கே மரத்தை எடுக்க வேண்டும், எங்கே சும்மா இருக்க வேண்டும் என்று சரிவு சரிவாகப் பார்க்க வேண்டிய வேலை. ஹெக்டேர் இலக்கு வைத்து மார்ச்சுக்குள் செலவழிக்கச் சொன்னால் நடக்காது.

புல் வேண்டியது ஆட்டுக்கு மட்டுமல்ல. நீலகிரிப் பழங்குடிகளான தோடர்களின் கோயில் கூரைக்கு வேண்டிய புல் சதுப்போரத்தில் வளரும் ஒரு தனி வகை. வேறு புல் வேய மாட்டார்கள். சதுப்புகள் சுருங்கியதால் அதைத் தேடித் தொலைவு போக வேண்டியிருக்கிறது. தோடர்களின் மொத்த எண்ணிக்கையே 2,000 அளவில்தான். ஒரு கூரை வேயப் பல மந்துகளிலிருந்து, அதாவது அவர்களின் குடியிருப்புகளிலிருந்து, ஆள் கூடும். ஒரு கூரைக்கு எத்தனை கட்டு என்று கேட்டுக் குறித்துக்கொள்ளலாம் என்றுதான் நினைத்தேன். அதை ரூபாயாக மாற்றி இந்த நோட்டில் எழுதும் எண்ணம் வந்ததும் கேட்கவில்லை.

ஆடியில் மறுபடி நண்பரின் நிலத்துக்குப் போனேன். காற்று ஆளைத் தள்ளியது. அதே இடத்தில் அதே கயிற்றைப் போட்டுக் குனிந்து எண்ணினேன். சீகைக் கன்று 9. நோட்டை எடுத்து 14-க்குப் பக்கத்தில் எழுதினேன். எழுதி முடித்து நிமிரும்போதுதான் கவனித்தேன், சட்டத்துக்குள் அவர் வைத்த புல்லில் 3 தூர் பிடித்திருந்தது. பக்கத்தைப் பார்த்தேன். தேதி, கன்று, ஆள், மணி, கூலி என்று ஐந்து பத்தி கோடு போட்டு வைத்திருக்கிறேன். மூன்றை ஓரத்தில் எழுதினேன்.